அப்பாவின் விதைநெல்லும் இரண்டு பக்க ஆங்கிலத் தாளும்

கேள்வி: வணக்கம் சார். சிங்கப்பூர் ஈசூனில் இருக்கிறேன். இந்தியக் குடியுரிமை, இங்கே நிரந்தரவாசி. சொந்த ஊர் திருத்துறைப்பூண்டி பக்கம். அப்பா மூன்று ஏக்கரில் மாப்பிள்ளைச் சம்பா சாகுபடி செய்கிறார். பல வருடங்களுக்கு முன் நெல் திருவிழாவில் வாங்கிவந்த விதை. (அந்த நெல் ஆள் உயரம் வளர்ந்து, காற்றடித்தால் சாய்ந்துவிடும் என்பதால், சாயாமல் நிற்கிற குத்துகளிலிருந்து மட்டும் கதிரைப் பொறுக்கித் தனியாக விதை எடுத்துவைப்பார். எட்டு ஒன்பது வருடமாக இப்படித்தான்.) அந்த அரிசியோடு எங்கள் அப்பாயி சொல்லிக்கொடுத்த சுக்கு, திப்பிலி, ஓமம் எல்லாம் சேர்த்துக் கஞ்சி மாவு அரைத்து மூன்று வருடமாக வாட்ஸ்அப்பில் விற்கிறேன். வாடிக்கையாளர் ஒருவர் உணவுத் தொழில்நுட்ப நிறுவனத்தில் வேலை பார்க்கிறார். “பொங்கலுக்கு ஊருக்குப் போகும்போது இரண்டு கிலோ விதைநெல் கொண்டுவாங்க, மாவுச் சேர்மானத்தையும் எழுதிக் கொடுங்க. சர்க்கரை நோய்க்கு ஏதாவது அகப்பட்டால் காப்புரிமை எடுப்போம், உங்களுக்கும் பங்கு உண்டு” என்கிறார். இரண்டு பக்க ஆங்கிலத் தாள் ஒன்றும் அனுப்பியிருக்கிறார். அவர்கள் காப்புரிமை எடுத்துவிட்டால் அப்பா அந்த நெல்லை விதைக்க முடியாதா? அவர்களுக்கு முன்னால் நானே மாவுக்குக் காப்புரிமையும், ‘மாப்பிள்ளைச் சம்பா’ என்ற பெயருக்கு வணிகக்குறியும் வாங்கிவிடலாமா? விதையைக் கொண்டுவரலாமா?

பதில்: முதலில் அவசரமானதைச் சொல்லிவிடுகிறேன். அந்தத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். விதைநெல்லைப் பெட்டியில் வைத்துக்கொண்டு வராதீர்கள். மற்றதை நிதானமாகப் பேசலாம்.

அப்பாவைப் பற்றிய கேள்விக்கு வருகிறேன். அவர் தாராளமாக விதைக்கலாம். காப்புரிமை (பேட்டன்ட்) என்பது ஒரு கண்டுபிடிப்பை மற்றவர் சில காலம் பயன்படுத்தாமல் தடுக்கும் உரிமை. அது, கொடுத்த நாட்டின் எல்லையைத் தாண்டாது. சிங்கப்பூரில் வாங்கிய காப்புரிமையைக் காட்டித் திருத்துறைப்பூண்டி வயலில் யாரும் இறங்க முடியாது. சரி, இந்தியாவிலேயே போய் வாங்கிவிட்டால்? இந்தியக் காப்புரிமைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு செடிக்கும் விதைக்கும் பயிர் ரகத்துக்கும் காப்புரிமை கிடையாது என்கிறது. வழிவழியாக வந்த அறிவுக்கும் கிடையாது என்று அதே பிரிவில் தனியாகச் சொல்லியிருக்கிறது.

பயிர் ரகங்களுக்கென்று இந்தியாவில் 2001இல் வேறொரு சட்டம் வந்தது. அதன் பெயரிலேயே ரகப் பாதுகாப்போடு உழவர் உரிமையையும் சேர்த்து வைத்திருக்கிறார்கள். அதன் 39ஆம் பிரிவு இந்தத் துறையில் எனக்கு மிகவும் பிடித்த பிரிவுகளில் ஒன்று. ஒரு ரகத்தை யாரோ பதிவு செய்து வைத்திருந்தாலும், உழவர் தன் விளைச்சலிலிருந்து விதை எடுத்துவைக்கலாம், விதைக்கலாம், அடுத்த பட்டத்துக்கும் விதைக்கலாம், மாற்றிக்கொள்ளலாம், பகிர்ந்துகொள்ளலாம், விற்கலாம். பதிவான ரகத்தின் பெயரைப் பையில் அச்சடித்து ‘பிராண்டட்’ விதையாக விற்பதற்கு மட்டும் தடை. உலகத்தில் பல நாடுகள் உழவருக்கு இவ்வளவு தாராளமாகக் கொடுக்கவில்லை. சிங்கப்பூர் 2004இல், புதுப் பயிர் ரகங்களை உருவாக்கியவருக்குப் பாதுகாப்புக் கொடுக்கும் யூப்போவ் என்ற பன்னாட்டு ஒப்பந்தத்தின் 1991 வடிவத்தில் சேர்ந்தது. அதில், விளைச்சலிலிருந்து விதை எடுத்துவைப்பது உழவரின் உரிமையாக இல்லை. விருப்பப்பட்ட நாடு கொடுத்துக்கொள்ளலாம் என்ற சலுகையாக இருக்கிறது, அதுவும் சொந்த நிலத்தில் விதைக்க மட்டும். இந்தியா அந்த ஒப்பந்தத்தில் சேரவே இல்லை.

சட்டம் நம் பக்கம் இருப்பதால் வழக்கு வராது என்று நினைத்துவிடாதீர்கள். 2019 ஏப்ரலில் குஜராத்தின் சபர்காந்தா மாவட்டத்தில் உருளைக்கிழங்கு போட்ட சிறு விவசாயிகள் நான்கு பேர் மேல், ஆளுக்கு 1 கோடியே 5 லட்சம் ரூபாய் கேட்டு பெப்சிகோ வழக்குப் போட்டது. சிப்ஸுக்கென்று அந்த நிறுவனம் பதிவு செய்திருந்த ரகத்தை அனுமதியில்லாமல் பயிரிட்டார்கள் என்பது குற்றச்சாட்டு. நாடு முழுவதும் எதிர்ப்பு கிளம்பியதும் அடுத்த மாதமே வழக்கைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். கதை அதோடு முடியவில்லை. 2021 டிசம்பரில் அந்த ரகத்தின் பதிவையே, பயிர் ரகப் பதிவைக் கவனிக்கும் ஆணையம் ரத்து செய்தது. 2023இல் டெல்லி உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி அதைச் சரி என்றார். 2024 ஜனவரியில் இரு நீதிபதிகள் அமர்வு அந்த ரத்து உத்தரவை நீக்கிப் பதிவை மீட்டுக்கொடுத்தது. நான்கு ஏக்கர் வைத்திருப்பவர் இத்தனை வருடம் வக்கீல் பீஸ் கொடுத்துத் தாங்குவாரா என்பதுதான் என்னைப் போன்றவர்கள் சட்டப் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு யோசிக்க வேண்டிய விஷயம்.

உங்கள் அப்பாவுக்கு இந்த ஆபத்து இப்போதைக்கு இல்லை. மாப்பிள்ளைச் சம்பா எந்த நிறுவனமும் உருவாக்கிய ரகம் அல்ல. கட்டிமேடு ஜெயராமன், அதாவது நெல் ஜெயராமன், 170க்கும் மேற்பட்ட பாரம்பரிய ரகங்களைத் தேடித் தேடிச் சேர்த்து, திருவிழாவில் ஆளுக்கு இரண்டு கிலோ கொடுத்து, அடுத்த வருடம் நான்கு கிலோவாகத் திருப்பிக் கேட்ட கணக்கு உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 2018இல் அவர் போய்விட்டார். விதை ஆயிரக்கணக்கான வயல்களில் இருக்கிறது. இத்தனை பேர் கையில் இருக்கும் பொருளைத் தன்னுடையது என்று ஒருவர் எழுதி வாங்குவது கடினம். அந்த இரண்டு கிலோ, நான்கு கிலோ ஏற்பாட்டில் அப்படி ஒரு பாதுகாப்பும் இருக்கிறது.

அப்படியானால் அந்த நிறுவனம் எதற்குத்தான் காப்புரிமை கேட்கும்? நெல்லுக்குக் கேட்காது. நெல்லின் தவிட்டிலிருந்து பிரித்தெடுத்த ஒரு சாறு, அதைப் பிரிக்கும் முறை, அதையும் திப்பிலியையும் ஒரு குறிப்பிட்ட விகிதத்தில் சேர்த்த கலவை, இப்படித்தான் கேட்பார்கள். அது புதியதா, அந்தத் துறை தெரிந்த ஒருவருக்குச் சட்டென்று தோன்றக்கூடியதா என்ற இரண்டு கேள்விகளைத்தான் சட்டம் முக்கியமாகக் கேட்கும்.

புதியது என்பதற்கு நாட்டுக்கு நாடு அளவுகோல் வேறாக இருந்தது. மஞ்சள் கதை பலருக்குத் தெரியும். காயத்தை ஆற்ற மஞ்சளைப் பயன்படுத்துவதற்கு 1995இல் மிசிசிப்பி பல்கலைக்கழக மருத்துவ மையத்துக்கு அமெரிக்கா காப்புரிமை கொடுத்தது. குழந்தை முட்டியைச் சிராய்த்துக்கொண்டு வந்தால் நம் வீட்டில் அஞ்சறைப்பெட்டியைத் திறப்பார்களே, அதே மஞ்சள்தான். இந்தியாவின் அறிவியல் தொழிலக ஆராய்ச்சி மன்றம் எதிர்த்துப் போராடி 1997இல் அதை ரத்து செய்ய வைத்தது. பலர் கவனிக்காத இடம் ஒன்று இதில் உண்டு. அன்றைய அமெரிக்கச் சட்டத்தில், வெளிநாட்டில் ஒரு பொருளை மக்கள் எத்தனை நூறு வருடம் பயன்படுத்தியிருந்தாலும் அது கணக்கில் வராது. அச்சில் வந்திருந்தால்தான் வரும். ஒரு நாட்டின் பாட்டிமார் எல்லோரும் சாட்சி சொன்னாலும் செல்லாது, ஒரு பழைய புத்தகம் சொன்னால் செல்லும். அதனால்தான் சமஸ்கிருதம், உருது, இந்தி நூல்களைத் தேடி எடுத்து 32 ஆவணங்களாகக் கொண்டுபோய்க் கொடுத்தார்கள்.

சிங்கப்பூர் சட்டம் அப்படி இல்லை. இங்கே, எழுத்தாலோ வாய்ச்சொல்லாலோ பயன்பாட்டாலோ வேறெந்த வகையிலோ, சிங்கப்பூரிலோ வெளியிலோ, பொதுவில் தெரிந்துவிட்ட எதுவும் புதியது ஆகாது. உங்கள் அப்பாயி ஊர்ப் பெண்களுக்கு வாயால் சொல்லிக்கொடுத்ததும் இதில் அடங்கும். ஆனால் விண்ணப்பத்தைப் பரிசோதிக்கும் அதிகாரி திருத்துறைப்பூண்டிக்குப் போய் விசாரிக்கப் போவதில்லை. கணினியில் தேடுவார். அதில் அகப்படாதது அவர் கண்ணுக்குப் புதியது. இதற்காகவே இந்தியா 2001இல் பாரம்பரிய அறிவு மின்னூலகம் ஒன்றைத் தொடங்கி, ஆயுர்வேதம், யுனானி, சித்த மருத்துவ நூல்களில் உள்ள முறைகளை ஐந்து உலக மொழிகளில் மாற்றி, வெளிநாட்டுக் காப்புரிமை அலுவலகங்கள் தேடிப் பார்க்கத் திறந்துவிட்டது. நூலில் உள்ளவை அதில் ஏறிவிட்டன. அப்பாயி வாயில் உள்ளவை ஏறவில்லை.

சட்டம் இதை எப்படிப் பார்க்கிறது என்று புரிய, நமக்குப் பக்கத்து மலையில் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். அகத்தியர் மலையில் காணிக்காரர்கள் என்ற பழங்குடியினர் இருக்கிறார்கள். கேரளப் பக்கமும் உண்டு, நம் பக்கமும் உண்டு. 1987இல் தாவர ஆராய்ச்சியாளர்கள் சிலர் காணிகளை வழிகாட்டிகளாக வைத்துக்கொண்டு மலையேறினார்கள். படித்தவர்களுக்கு மூச்சு வாங்கியது. வழிகாட்டிகளோ ஏதோ ஒரு காயை மென்றுகொண்டு களைப்பே இல்லாமல் நடந்தார்கள். அது என்ன என்று கேட்டபோது முதலில் சொல்லவில்லை, தங்கள் குலத்து ரகசியம் என்று தயங்கினார்கள். பிறகு காட்டினார்கள். ஆரோக்கியப்பச்சை என்று இப்போது சொல்லப்படும் செடி அது. கேரளத்துப் பாலோட்டில் உள்ள வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா அதை ஆராய்ந்து ‘ஜீவனி’ என்ற மருந்தை உருவாக்கியது. 1995இல் கோயம்புத்தூர் மருந்து நிறுவனம் ஒன்றுக்கு அதைத் தயாரிக்கும் உரிமையைக் கொடுத்தார்கள். உரிமத் தொகை 10 லட்சம் ரூபாய், விற்பனையில் 2 சதவீதம் ராயல்டி. இரண்டிலும் பாதி காணிகளுக்கு என்று பூங்காவே முடிவெடுத்தது. அப்படிச் செய்யச் சொல்லி அன்றைக்கு இந்தியாவில் எந்தச் சட்டமும் இல்லை. அதனால் இதை நல்ல உதாரணமாக உலகமெங்கும் சொல்கிறார்கள், நானும் சொல்வேன்.

ஆனால் உள்ளே போய்ப் பார்த்தால் முள் இருக்கிறது. காணிகள் தின்றது காய், மருந்துக்கு எடுத்தது இலை. காயைப் பற்றிய அறிவு பழங்குடியினருடையது, இலையைப் பற்றிய அறிவு ஆராய்ச்சியாளருடையது என்று சட்டம் கோடு போட்டுப் பிரித்துவிடும். காயைக் காட்டியிராவிட்டால் இலையை யார் தொட்டிருப்பார்கள் என்று அது கேட்காது. அப்புறம், பணத்தை வாங்கிக்கொள்ளக் காணிகளுக்கென்று ஓர் அறக்கட்டளை 1997இல்தான் பதிவானது. உரிமம் கைமாறி இரண்டு வருடம் கழித்து! சில ஊர்க் காணிகளுக்கு விஷயமே தெரியவில்லை, எங்களைக் கேட்டீர்களா என்று அவர்கள் வருத்தப்பட்டார்கள். இலை பறிக்கப் போனால் வனத்துறை தடுத்தது. நல்ல மனம் இருந்தும் முதலில் கையெழுத்து, பிறகு பேச்சு என்று ஆனதால் வந்த குளறுபடிகள் இவை. உங்கள் வாடிக்கையாளரும் நல்ல மனிதராகவே இருக்கலாம்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி, நீங்களே முந்திக்கொள்ளலாமா என்பது. கோபித்துக்கொள்ளாதீர்கள். அவர்கள் செய்துவிடுவார்களோ என்று எதைக் கண்டு பயப்படுகிறீர்களோ, அதையே நீங்கள் செய்யப் பார்க்கிறீர்கள். அப்பாயியின் சேர்மானத்தை நீங்கள் கண்டுபிடிக்கவில்லை, அப்பாயியும் தன் மாமியாரிடம் கற்றிருப்பார். அதை விடுங்கள், சட்டத்திலும் வழி இல்லை. மூன்று வருடமாக விற்றிருக்கிறீர்கள். கண்டுபிடித்தவர் தானே வெளியிட்டிருந்தால் 12 மாதத்துக்குள் விண்ணப்பிக்கலாம் என்று சிங்கப்பூரில் ஒரு சலுகை உண்டு. அதுவும் தாண்டிப் போயிற்று. நல்லது என்னவென்றால், நீங்கள் விற்றதே உங்களுக்குக் கேடயம். அதே கலவைக்கு வேறொருவர் காப்புரிமை கேட்டால், தேதியோடு உள்ள உங்கள் வாட்ஸ்அப் பட்டியலும் பொட்டலத்தின் மேல் ஒட்டிய சேர்மான விவரமும் அவருக்கு எதிரான சாட்சி. பழைய தொலைபேசியைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

விகிதமும் வறுக்கும் பக்குவமும் மட்டும் நீங்கள் யாருக்கும் சொல்லாதவை என்றால், அவற்றை ரகசியமாகவே வைத்துக்கொள்வது காப்புரிமையை விட நல்லது. காப்புரிமைக்கு எல்லாவற்றையும் எழுதிக் கொடுக்க வேண்டும், 20 வருடத்தில் அது ஊர்ப்பொருளாகிவிடும். ரகசியத்துக்கு வயது இல்லை. நம்பிக் கொடுத்த தகவல் கைமாறிய வழக்கு ஒன்றில் 2020இல் சிங்கப்பூர் மேல்முறையீட்டு நீதிமன்றம் நல்ல தீர்ப்பு கொடுத்தது. ரகசியத் தகவல் என்பதையும் அதை ஒப்படைத்தபோது காக்கும் கடமை இருந்தது என்பதையும் நீங்கள் காட்டினால் போதும், மனச்சாட்சிக்கு விரோதமாக நடக்கவில்லை என்று எதிர்த்தரப்புதான் நிரூபிக்க வேண்டும். ஆனால் எழுதிக் கொடுப்பதற்கு முன்பே இது ரகசியம் என்று எழுத்தில் ஒப்புக்கொள்ள வைத்திருக்க வேண்டும். கொடுத்துவிட்டுப் பிறகு ‘யாரிடமும் சொல்லாதீங்க’ என்று வாட்ஸ்அப்பில் ஒரு கும்பிடு போட்டால் வேலைக்கு ஆகாது.

பெயர் விஷயம் சுலபம். ‘மாப்பிள்ளைச் சம்பா’ ஒரு நெல்லின் பெயர். தேக்காவில் நான்கு கடையில் அந்தப் பெயரில் அரிசி கிடைக்கும். பொருளின் வகையைச் சொல்லும் சொல்லை ஒருவருக்கு மட்டும் சிங்கப்பூர் அறிவுசார் சொத்து அலுவலகம் எழுதிக் கொடுக்காது. உங்கள் மாவுக்கென்று ஒரு பெயர் வையுங்கள். அப்பாயியின் பெயரோ, உங்கள் தெருவின் பெயரோ, வேடிக்கையான ஒரு சொல்லோ, எதுவானாலும் அரிசியை விவரிக்காததாக இருக்கட்டும். வணிகக்குறிப் பதிவில் அரிசி, மாவு போன்ற பொருள்களுக்கான 30ஆம் வகுப்பில் விண்ணப்பிக்க வேண்டும். தமிழ் எழுத்தில் இருந்தால் உச்சரிப்பையும் பொருளையும் ஆங்கிலத்தில் சேர்த்துக் கொடுக்கச் சொல்வார்கள். அறிவிப்பு வந்த பின் இரண்டு மாதம் மற்றவர்கள் ஆட்சேபிக்கலாம். கிடைத்தால் 10 வருடம், பிறகு புதுப்பித்துக்கொண்டே போகலாம். இதற்கு வக்கீல்கூட அவசியம் இல்லை. எங்கள் வக்கீல் சங்கத்தில் யாரும் இதைப் படிக்க மாட்டார்கள் என்று நம்புகிறேன். போகிறபோக்கில் இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். சர்க்கரை நோய் குணமாகும் என்ற பேச்சைப் பொட்டலத்திலும் விளம்பரத்திலும் எங்கேயும் வைக்காதீர்கள். உணவுப் பொருளை மருந்து போல விற்க இங்கே அனுமதி இல்லை.

இப்போது விதை. நீங்கள் மிகச் சாதாரணமாகக் கேட்டிருக்கும் இந்தக் கேள்வியில்தான் பெரிய பள்ளம் இருக்கிறது.

இந்தியாவில் 2002இல் பல்லுயிர்ச் சட்டம் வந்தது. அதன் 3ஆம் பிரிவின்படி, இந்தியாவில் உள்ள உயிரியல் வளம் எதையும் ஆராய்ச்சிக்கோ வணிகப் பயன்பாட்டுக்கோ எடுக்க வேண்டுமானால், வெளிநாட்டினரும் வெளிநாட்டு நிறுவனங்களும் தேசியப் பல்லுயிர் ஆணையத்திடம் முன் அனுமதி வாங்க வேண்டும். இந்தியக் குடிமகனாகவே இருந்தாலும் வருமான வரிச் சட்டப்படி வெளிநாடு வாழ் இந்தியர் என்றால் அவருக்கும் இதே விதி. அதாவது உங்களுக்கு. சொந்த அப்பாவின் சொந்த வயலின் சொந்த நெல்லாக இருந்தாலும்! சமைத்துச் சாப்பிடக் கொண்டுவந்தால் அது அரிசி. ஆய்வகத்தில் கொடுக்கக் கொண்டுவந்தால் அது உயிரியல் வளம். பை ஒன்றுதான், நோக்கம் வேறு. 2023இல் செய்த திருத்தத்துக்குப் பிறகு இந்தக் குற்றத்துக்குச் சிறைத் தண்டனை இல்லை, ஆனால் அபராதம் 1 லட்சத்தில் தொடங்கி 50 லட்சம் ரூபாய் வரை போகலாம். இந்திய வளத்தை வைத்துச் செய்த கண்டுபிடிப்புக்கு வெளிநாட்டில் காப்புரிமை கேட்பவர்களுக்கும் அதே ஆணையத்தின் அனுமதி வேண்டும். முளைக்கக்கூடிய விதையை இங்கே இறக்கத் தேசியப் பூங்காக் கழகத்தின் விதிகள் தனி.

அந்த ஆங்கிலத் தாளை நான் பார்க்கவில்லை. ஆனால் இந்த மாதிரித் தாள்களை நிறையப் பார்த்திருக்கிறேன், சிலவற்றை நானே எழுதியும் இருக்கிறேன். வழக்கமாக இரண்டு வரிகள் இருக்கும். ஒன்று, ‘இந்தப் பொருளைத் தர எனக்கு முழு உரிமை உண்டு என்று உறுதியளிக்கிறேன்’ என்பது. இன்னொன்று, ‘இதனால் நிறுவனத்துக்கு நட்டம் வந்தால் ஈடு செய்கிறேன்’ என்பது. முதல் வரியில் நீங்கள் கையெழுத்துப் போட்ட நிமிடமே அது பொய், ஏனென்றால் அனுமதி இல்லாமல் தரும் உரிமை உங்களுக்கு இல்லை. நாளைக்குச் சென்னையில் உள்ள பல்லுயிர் ஆணையத்திலிருந்து நோட்டீஸ் வந்தால், இரண்டாவது வரி அந்தச் செலவை உங்கள் தலையில் கட்டும். ‘பங்கு உண்டு’ என்று வாயால் சொன்னது தாளில் இருக்கிறதா, எத்தனை சதவீதம், எதில், எப்போது என்றும் பாருங்கள். தொழிலுக்கு வந்த புதிதில் ஒருவருக்காக இப்படி ஒரு தாளைப் படித்துவிட்டு, பங்கு என்ற சொல் இருக்கிறது, பரவாயில்லை என்று நான் சொல்லிவிட்டேன். ‘நிகர லாபத்தில்’ பங்கு என்று இருந்தது. அந்தப் பொருளுக்குக் கடைசிவரை நிகர லாபமே வரவில்லை, கணக்கில்.

நிறுவனத்துக்கு உண்மையிலேயே ஆர்வம் இருந்தால் அவர்கள் தங்கள் பெயரில் சென்னை தரமணியில் உள்ள ஆணையத்துக்கு விண்ணப்பிக்கட்டும். அங்கே பலன் பகிர்வு ஒப்பந்தம் போடுவார்கள். ‘அது ரொம்ப நாள் ஆகுமே’ என்று அவர் முகம் சுளித்தால் உங்களுக்குப் பதில் கிடைத்துவிட்டது. உலகமும் அந்தப் பக்கம்தான் மெதுவாக நகர்கிறது. 2024 மே 24ஆம் தேதி ஜெனீவாவில் உலக அறிவுசார் சொத்து அமைப்பில் ஓர் ஒப்பந்தம் நிறைவேறியது. காப்புரிமை கேட்பவர், தன் கண்டுபிடிப்பு எந்த நாட்டு மரபு வளத்தையோ எந்தப் பழங்குடியினரின் அறிவையோ அடிப்படையாகக் கொண்டது என்று விண்ணப்பத்தில் சொல்ல வேண்டும் என்பது அதன் சாரம். இருபது வருடத்துக்கு மேல் இழுத்த பேச்சுவார்த்தை அது. முடிந்தபோது அந்த அமைப்பின் தலைவராக இருந்தவர் நம் சிங்கப்பூர் அறிவுசார் சொத்து அலுவலகத்தை முன்பு நடத்திய டேரன் டாங். 15 நாடுகள் உறுதிப்படுத்தினால்தான் அது நடப்புக்கு வரும். வந்தாலும், சொல்லாமல் விட்டதற்காக மட்டும் காப்புரிமை பறிபோகாது. ஏமாற்றும் நோக்கம் இருந்தால்தான் அதற்கு வழி உண்டு. எனக்கு இதில் பாதி மகிழ்ச்சிதான்.

கடைசியாக, நீங்கள் அடைப்புக்குறிக்குள் போட்டுவிட்டுப் போன வரி. சாயாத குத்துகளிலிருந்து எட்டு ஒன்பது வருடமாக அப்பா விதை பொறுக்குகிறார் என்கிறீர்களே, இந்தக் கடிதத்தில் சட்டப்படி புதியது அது ஒன்றுதான். மாப்பிள்ளைச் சம்பா ஊருக்குப் பொது. அப்பாயியின் சேர்மானமும் ஊருக்குப் பொது. காற்றுக்குச் சாயாத அந்த நெல், அப்பா சொல்வது போலவே ஒவ்வொரு வருடமும் சாயாமல் நிற்கிறது என்றால், உங்கள் அப்பா உருவாக்கியது. அவர் அதை வேலை என்றே நினைத்திருக்க மாட்டார்.

ஆபத்தும் அங்கேதான். பயிர் ரகப் பாதுகாப்பில் ‘உருவாக்கியவர்’ என்றால் ஒட்டுப்போட்டு உண்டாக்கியவர் மட்டும் அல்ல, ஏற்கெனவே இருந்ததைக் கண்டெடுத்து மேம்படுத்தியவரும்தான். யூப்போவ் ஒப்பந்தத்தில் அப்படித்தான் இருக்கிறது. தெரிந்த ரகங்களிலிருந்து வேறுபட்டு, ஒரே மாதிரியாக, தலைமுறைக்குத் தலைமுறை மாறாமல் இருந்தால் பதிவு கிடைக்கும். சிங்கப்பூரில் அந்தப் பாதுகாப்பு 25 வருடம். ஆர்க்கிட் பூவுக்கு மட்டும்தான் இதெல்லாம் என்று இங்கே பலர் நினைக்கிறார்கள். வயலே இல்லாத இந்தத் தீவில்தான் தெமாசெக் உயிரறிவியல் ஆய்வகம் தெமாசெக் அரிசி என்று ஒரு ரகத்தை உருவாக்கியது. அப்பாவின் தேர்வு எந்தப் பதிவேட்டிலும் இல்லை. இரண்டு கிலோ விதை கையில் கிடைத்தால் போதும், சில பட்டம் பெருக்கித் தங்கள் பெயரில் ஒருவர் பதிவு செய்துகொள்ளலாம். பதிவு செய்தவருக்கு விதையின் மேல் மட்டும் அல்ல, இறக்குமதியின் மேலும் சில சமயம் விளைந்த நெல்லின் மேலும் உரிமை உண்டு. அப்பா ஊரில் விதைப்பதை அவர்கள் தடுக்க முடியாது. அப்பாவின் அரிசியை நீங்கள் இங்கே இறக்கி மாவு அரைப்பதைத் தடுக்கப் பார்க்கலாம். வாதாடி ஜெயிக்க இடம் இருக்கிறது. வாதாட எத்தனை ஆயிரம் வெள்ளி ஆகும் என்று இங்கே எழுதி உங்கள் தூக்கத்தைக் கெடுக்க வேண்டாம்.

அதனால் அப்பாவை முந்தச் சொல்லுங்கள். 2001 சட்டத்தில் ‘உழவர் ரகம்’ என்று தனிப் பதிவு இருக்கிறது. உழவருக்குக் கட்டணம் இல்லை. ஏற்கெனவே விற்றிருந்தாலும் பரவாயில்லை. ஒரே மாதிரியாக இருக்கிறதா என்று பார்ப்பதிலும் உழவர் ரகங்களுக்குக் கொஞ்சம் தளர்வு உண்டு. நெல்லுக்குப் பாதுகாப்பு 15 வருடம். பஞ்சாயத்தின் பல்லுயிர் மேலாண்மைக் குழுவோ மாவட்ட வேளாண் அதிகாரியோ விண்ணப்பத்தை உறுதிப்படுத்தித் தரலாம். நீடாமங்கலம் வேளாண் அறிவியல் நிலையத்தில் படிவம் நிரப்ப உதவி கேளுங்கள். ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையமும் எட்டும் தூரம்தான். மாப்பிள்ளைச் சம்பா என்றே பெயர் போட முடியாது, வேறு பெயர் யோசிக்க வேண்டும்.

‘திருவிழாவில் சும்மா வாங்கிய விதையை நம் பெயரில் எழுதிக்கொள்வது முறையா?’ என்று அப்பா கேட்கலாம். டெல்டாக்காரர் கேட்காமல் இருக்க மாட்டார். மாப்பிள்ளைச் சம்பாவை எழுதிக்கொண்டால் முறையில்லை, அவர் பொறுக்கியதை எழுதிக்கொண்டால் முறைதான் என்பது என் கருத்து. பதிவு செய்த பிறகும் பக்கத்து வயல்காரர் அவரிடம் விதை வாங்கி விதைக்கலாம், தன் மச்சானுக்குக் கொடுக்கலாம், 39ஆம் பிரிவு எல்லோருக்கும் உண்டு. இரண்டு கிலோ கொடுத்து நான்கு கிலோ கேட்பதையும் அப்பா நிறுத்த வேண்டியதில்லை.

பொங்கல் சமயம் கதிர் முற்றி நிற்கும். ஒரு நீளக் கோடு போட்ட நோட்டு வாங்கிக்கொண்டு போங்கள். எந்த வருடம் பொறுக்க ஆரம்பித்தார், எந்த வயலில், எத்தனை குத்து, எந்தப் புயலுக்கு எது சாய்ந்தது எது நின்றது, எல்லாவற்றையும் அவர் சொல்லச் சொல்ல அவர் வார்த்தையிலேயே எழுதிக்கொள்ளுங்கள். கஜா புயல் அடித்த 2018 கண்டிப்பாக நினைவிருக்கும், அதிலிருந்து பிடித்தால் மற்ற வருடங்கள் வந்துவிடும். சாதாரண குத்தையும் அப்பா தேர்ந்த குத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, அளவுகோலோடு, தேதி விழும்படி படம் எடுங்கள். நோட்டின் கடைசிப் பக்கத்தில் அப்பா கையெழுத்துப் போடட்டும், அடுத்த வயல்காரர் இரண்டு பேரும் போடட்டும். தாளை எனக்கு அனுப்புவதாக இருந்தால் நிறுவனத்தின் பெயரை மறைத்துவிட்டு அனுப்புங்கள். அவர்கள் எங்கள் அலுவலகத்தின் கட்சிக்காரராக இருந்துவிட்டால் நான் பேச முடியாமல் போய்விடும்.